படம் சிறுத்தால் வேடம் பெருக்கும்: அமெரிக்க சுயாதீன சினிமாவில் ஒரு குணச்சித்திர நடிகையின் கணக்கு

2012-ல் வெளியான 'கம்ப்ளையன்ஸ்' படத்தில் நடித்ததற்காக ஆன் டவுடுக்குக் கிடைத்த சம்பளம் ஒரு நாளைக்கு 100 டாலர். அந்த நடிப்பை ஆஸ்கர் வாக்காளர்கள் ஒருமுறையாவது பார்க்க வேண்டும் என்பதற்காக அவர் கைக்காசு போட்டுச் செலவழித்தது சுமார் 13,000 டாலர். கிரெடிட் கார்டில் தேய்த்தும் நண்பர்களிடம் கடன் வாங்கியும் புரட்டிய பணம் அது. 130 நாள் சம்பளத்துக்குச் சமம். அந்த அளவு சின்னப் படத்தின் படப்பிடிப்போ சில வாரங்களில் முடிந்துவிடும்.

2023 ஜனவரியில் இதே கணக்கு வேறு உருவில் செய்தியானது. திரையரங்கில் ஏறத்தாழ 27,000 டாலர் மட்டுமே வசூலித்த 'டு லெஸ்லி' படத்துக்காக ஆண்ட்ரியா ரைஸ்பரோவின் பெயர் சிறந்த நடிகை ஆஸ்கர் பரிந்துரைப் பட்டியலில் வந்தது. யாருமே பார்க்காத படம் எப்படிப் பட்டியலுக்குள் நுழைந்தது என்று ஒரு பக்கம் கேள்வி. சம்பளத்தைவிட அதிகமாகச் செலவழித்து ஒரு நடிகை எதை வாங்கப் பார்க்கிறார் என்பது இன்னொரு கேள்வி. இரண்டுக்கும் பதில் ஒரே இடத்தில்தான் இருக்கிறது. அமெரிக்க சுயாதீன சினிமாவில் பணம் எப்படி வருகிறது, வேடம் எப்படிப் பங்கிடப்படுகிறது, யார் வாக்களிக்கிறார்கள் என்ற மூன்றும் தெரிந்தால் இந்த வாழ்க்கைத்தொழில் புரிந்துவிடும்.

## யாரைப் பற்றிய பேச்சு இது

குணச்சித்திர நடிகை என்றால் கதையைத் தன் தோளில் சுமக்காமல், கதைக்குள் ஒரு மனிதரை முழுசாக நிறுத்திவிட்டுப் போகிறவர். அம்மா, நர்ஸ், பக்கத்து வீட்டுக்காரி, நீதிபதி, கடை மேலாளர். பார்வையாளருக்கு முகம் தெரியும், பெயர் தெரியாது. 'போஜாக் ஹார்ஸ்மேன்' என்ற அனிமேஷன் தொடரில் இதையே நகைச்சுவையாக்கினார்கள். மார்கோ மார்ட்டின்டேல் தன் பெயரிலேயே குரல் கொடுத்த பாத்திரத்தை எல்லோரும் 'குணச்சித்திர நடிகை மார்கோ மார்ட்டின்டேல்' என்றே கூப்பிடுவார்கள், ஏதோ பட்டப்பெயர் மாதிரி. நிஜத்தில் அவர் 2011-ல் எம்மி என்ற தொலைக்காட்சி விருதை வாங்கியபோது வயது 60.

சுயாதீனப் படம் என்பது பெரிய ஸ்டூடியோவின் பணத்தில் எடுக்கப்படாத படம். தனி முதலீட்டாளர்கள், முன்கூட்டியே விற்ற உரிமைகள், சில சமயம் மானியம் என்று துண்டு துண்டாகப் பணம் சேர்ப்பார்கள். பெரும்பாலும் படம் முடியும்வரை விநியோகஸ்தர் கிடையாது. சன்டான்ஸ் போன்ற திரைப்பட விழாக்களில் திரையிட்டு, அங்கே யாராவது வாங்கினால்தான் திரையரங்கு. வாங்க ஆள் வராமல் பெட்டிக்குள்ளேயே கிடக்கும் படங்கள்தான் அதிகம்.

## சம்பளப் படிக்கட்டு

அமெரிக்காவில் நடிகர்களின் தொழிற்சங்கம் சாக்-ஆஃப்ட்ரா. சுமார் 1,60,000 உறுப்பினர்கள். திரைப்படத்துக்கான குறைந்தபட்ச நாள் சம்பளத்தைச் சங்கம்தான் ஒப்பந்தம் போட்டு நிர்ணயிக்கிறது. தொழிலில் இதற்கு 'ஸ்கேல்' என்று பெயர். 2022 ஜூலை முதல் 2023 ஜூன் வரை இது நாளொன்றுக்கு 1,082 டாலர்.

ஆனால் இந்தத் தொகையை எல்லாப் படமும் கொடுத்தால் சின்னப் படமே எடுக்க முடியாது. அதனால் சங்கம் பட்ஜெட்டை வைத்துப் படிகள் பிரித்திருக்கிறது:

1. மொத்தச் செலவு 3 லட்சம் டாலருக்குள் இருந்தால், நாள் சம்பளம் முழு ஸ்கேலில் ஐந்தில் ஒரு பங்கு. 2023-ன் தொடக்கத்தில் அது 216 டாலர்.
2. 7 லட்சம் டாலர் வரை போனால் மூன்றில் ஒரு பங்குக்குச் சற்று மேல்.
3. 20 லட்சம் டாலர் வரை என்றால் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கு.
4. அதற்கு மேல் முழு ஸ்கேல்.

'கம்ப்ளையன்ஸ்' படத்துக்காக டவுடுக்குக் கிடைத்த 100 டாலர் முதல் படியின் அன்றைய விலை. அவரைக் குறைத்து மதிப்பிட்டுக் கொடுத்த தொகை அல்ல அது. அந்தப் பட்ஜெட்டில் யார் நடித்தாலும் அதுதான் அளவு. இப்படிப்பட்ட படங்களில் 'எல்லோருக்கும் ஒரே சம்பளம்' என்ற ஷரத்தும் அடிக்கடி இருக்கும். பெரிய பெயர் வந்தாலும் சரி, முதல் படம் நடிப்பவர் வந்தாலும் சரி, தொகை மாறாது. சட்டையைக்கூட வீட்டிலிருந்து எடுத்துவரச் சொல்லும் படங்கள் உண்டு.

இதோடு நேரடியாகக் கட்டப்பட்டிருக்கும் இன்னொரு எண், வெளியே அதிகம் பேசப்படாதது: மருத்துவக் காப்பீட்டுக்கான வருமானக் கோடு. சங்கத்தின் காப்பீட்டுத் திட்டத்தில் இடம் பெற ஒரு நடிகர் ஓர் ஆண்டில் குறிப்பிட்ட தொகையாவது சங்க ஒப்பந்த வேலைகளில் சம்பாதித்திருக்க வேண்டும். சங்கத்தின் 2023 வேலைநிறுத்தத்தின்போது எல்லோர் வாயிலும் அடிபட்ட எண் 26,470 டாலர். முழு ஸ்கேலில் 25 நாள் வேலை கிடைத்தால் இதைத் தாண்டிவிடலாம். முதல் படியில் உள்ள படங்களில் மட்டும் நடித்தால் 123 நாள் வேண்டும். ஒரு சின்னப் படத்தில் துணை வேடத்துக்கு ஐந்து நாள், பத்து நாள் கிடைப்பதே பெரிது. அப்படியானால் ஆண்டுக்குப் பன்னிரண்டுக்கும் மேற்பட்ட படங்கள் வேண்டும். நடக்கிற காரியமா?

ஆக, சுயாதீனப் படங்களில் மட்டுமே நடித்துப் பிழைக்கும் குணச்சித்திர நடிகை என்று ஒருவர் அநேகமாக இல்லை. அப்படித் தோற்றமளிப்பவர்கள் வேறெங்கோ சம்பாதிக்கிறார்கள். தொலைக்காட்சி, விளம்பரக் குரல், நாடக மேடை, நடிப்பு வகுப்பு, உணவக வேலை.

## பணம் பெயரைக் கேட்கிறது

சரி, சம்பளம் குறைவு. நல்ல வேடமாவது சுலபமாகக் கிடைக்குமா என்றால், அதற்கும் பணம்தான் குறுக்கே நிற்கிறது. 50 லட்சம் டாலர் செலவாகும் ஒரு சுயாதீனப் படம் உருவாகும் வரிசையைப் பாருங்கள்.

1. தயாரிப்பாளரிடம் திரைக்கதை இருக்கிறது. முதலீட்டாளரிடம் போகிறார். முதல் கேள்வி: யார் நடிக்கிறார்கள்?
2. அந்தக் கேள்விக்குப் பின்னால் ஒரு விற்பனைக் கணக்கு இருக்கிறது. வெளிநாட்டு உரிமைகளை விற்கும் முகவர்கள், எந்த நடிகர் இருந்தால் எந்த நாட்டில் எவ்வளவு கிடைக்கும் என்று உத்தேச மதிப்பு வைத்திருப்பார்கள். அந்த மதிப்பைக் காட்டித்தான் கடனே வாங்க முடியும்.
3. அதனால் முதன்மை வேடங்கள் இரண்டு, மூன்று 'பெயர் உள்ளவர்களுக்கு' ஒதுக்கப்படுகின்றன. அவர்களின் தேதிக்காகப் படம் மாதக்கணக்கில், சில சமயம் வருடக்கணக்கில் காத்திருக்கும்.
4. தேதி கிடைத்ததும் எல்லாம் அவசரம். மிச்சமுள்ள வேடங்களை நிரப்பும் வேலை நடிகர் தேர்வு இயக்குநரிடம் வருகிறது. படப்பிடிப்புக்கு இன்னும் சில வாரமே இருக்கும்.
5. அந்தக் கடைசிக் கட்டத்தில்தான் குணச்சித்திர நடிகைக்கு போன் வருகிறது. இரண்டு காட்சி, மூன்று நாள், ஒத்திகை இல்லை.

நான்காவது கட்டத்தில் வருகிறவரைக் கவனிக்க வேண்டும். நடிகர் தேர்வு இயக்குநரின் நினைவில் இருப்பதுதான் இந்தத் தொழிலின் உண்மையான மூலதனம். பத்து வருடம் முன்பு ஒரு நாடகத்தில் பார்த்தது, ஒரு தேர்வில் வேடம் கிடைக்காமல் போனாலும் அசத்திவிட்டுப் போனது, இதெல்லாம் அவர்கள் தலையில் இருக்கும். விமர்சகர்கள் 'யார் இவர்?' என்று கேட்கும்போது அவர்கள் பல வருடங்களாக அந்தப் பெயரைச் சொல்லிக்கொண்டிருந்திருப்பார்கள். நடிகர் தேர்வுக்குத் தனி விருது உண்டு என்று ஆஸ்கர் வழங்கும் அகாடமி அறிவித்ததே 2024 பிப்ரவரியில்தான். ரொம்பத் தாமதம்.

## தலைகீழ் விகிதம்

மேலே சொன்ன வரிசை 50 லட்சம் டாலர் படத்துக்கு. இப்போது பட்ஜெட்டைக் குறைத்துக்கொண்டே வாருங்கள். 10 லட்சம், 5 லட்சம், 3 லட்சம். ஒரு புள்ளியில் முதலீட்டாளரின் கேள்வி மறைந்துவிடுகிறது. 3 லட்சம் டாலர் படத்துக்கு வெளிநாட்டு விற்பனை மதிப்பு தேவையில்லை. அதைத் திரட்டுவது பெரும்பாலும் தெரிந்தவர்களிடமும், நஷ்டமானாலும் தாங்கக்கூடிய சில தனியாட்களிடமும்தான். பெயர் உள்ளவர் வேண்டாம் என்றானபோது இயக்குநருக்கு முதல்முறையாக ஒரு சுதந்திரம் கிடைக்கிறது: வேடத்துக்குப் பொருத்தமானவரையே போடலாம்.

குணச்சித்திர நடிகைக்கு மையமான வேடம் கிடைப்பது இந்தப் புள்ளியில்தான். படம் எவ்வளவு சின்னதோ அவ்வளவு பெரிய வேடம். வேடம் எவ்வளவு பெரியதோ அவ்வளவு சின்னச் சம்பளம். இந்தத் தலைகீழ் விகிதம்தான் மொத்தத் தொழிலையும் ஆட்டுவிக்கிறது. சுயாதீன சினிமா கலையை மதிக்கிறது, அதனால் நல்ல நடிகைகளுக்கு இடம் தருகிறது என்று எழுதுவார்கள். மதிப்பு இருக்கலாம். ஆனால் இடம் உண்டானது பணம் இல்லாததால்.

சில உதாரணங்கள். மெலிசா லியோ தொண்ணூறுகளில் 'ஹோமிசைட்' என்ற போலீஸ் தொடரில் பல வருடம் நடித்தவர். அவரைக் கதையின் நடுவில் நிறுத்திய படம் 'ஃப்ரோசன் ரிவர்', 10 லட்சம் டாலருக்கும் குறைவான செலவில் எடுக்கப்பட்டது. 2008-ல் சன்டான்ஸில் நடுவர் குழுவின் பெரும் பரிசு வாங்கி, லியோவுக்குச் சிறந்த நடிகை ஆஸ்கர் பரிந்துரை வரை கொண்டுபோனது. டேல் டிக்கி 2010-ல் 'விண்டர்ஸ் போன்' படத்தில் மலைக்கிராமத்துக் குடும்பத்தின் கடுமையான பெண்ணாக வந்து, சுயாதீனப் படங்களுக்கான இண்டிபெண்டென்ட் ஸ்பிரிட் விருது வாங்கினார். அந்தப் படம் சுமார் 20 லட்சம் டாலர். அதன்பின் கிட்டத்தட்ட ஒவ்வொரு கிராமத்து முரட்டுப் பெண் வேடத்துக்கும் அவர் முகம்தான். ஆனால் முழுப்படமும் அவரைச் சுற்றியே நடக்கும் வாய்ப்பு 2022-ல் 'எ லவ் சாங்' வழியாகத்தான் வந்தது. ஏரிக்கரையில் ஒரு வண்டிவீட்டில் ஒரு பழைய நண்பனுக்காகக் காத்திருக்கும் பெண். மிகச் சிறிய படம். அப்போது அவர் 60 வயதைத் தொட்டிருந்தார்.

## போனைப் பிடித்திருக்கும் முகம்

டவுடுக்கு வருவோம். 1956-ல் மாசசூசெட்ஸில் பிறந்தவர். கல்லூரியில் மருத்துவப் படிப்புக்கான பாதையில் இருந்தவர், அதை விட்டுவிட்டு சிகாகோவில் நாடகம் படித்தார். 1993-ல் 'பிலடெல்ஃபியா' படத்தில் டாம் ஹாங்க்ஸின் சகோதரி. 'ஃப்ரீக்ஸ் அண்ட் கீக்ஸ்' தொடரில் ஒரு மாணவியின் கத்தித் தீர்க்கும் அம்மா. 2004-ல் 'கார்டன் ஸ்டேட்' படத்தில் நடாலி போர்ட்மேனின் அம்மா. இருபது வருடம் இப்படி.

'கம்ப்ளையன்ஸ்' கதை, அமெரிக்காவில் உண்மையாகவே நடந்த சம்பவங்களை அடிப்படையாகக் கொண்டது. போலீஸ் என்று சொல்லிக்கொண்டு ஒருவன் துரித உணவகத்துக்கு போன் செய்கிறான். கவுன்ட்டரில் இருக்கும் இளம்பெண் திருடிவிட்டாள், அவளைச் சோதனை போடுங்கள் என்று மேலாளரை ஏவுகிறான். படிப்படியாக விபரீதம். டவுட் அந்த மேலாளர் சாண்ட்ரா.

ஒரு சாதாரணப் படத்தில் சாண்ட்ரா மூன்று காட்சி வேடம். இங்கே படத்தின் பெரும்பகுதி ஒரு பின்னறையில், போனைக் காதில் வைத்துக்கொண்டு கேட்டுக்கொண்டிருக்கும் அவர் முகத்தில் நடக்கிறது. எதிர்முனைக் குரல் அதட்டும்போது கண் சுருங்குகிறது. 'நீங்கள் நல்ல வேலை செய்கிறீர்கள்' என்று புகழும்போது, உள்ளுக்குள் ஒரு சின்னப் பெருமிதம் தலைகாட்டுகிறது. அதற்கு முன்பே படம் ஒன்றை விதைத்திருக்கும். இளம் பணியாளர்களின் காதல் அரட்டையில் சாண்ட்ராவும் கலந்துகொள்ளப் பார்ப்பார், அவர்கள் நமட்டுச் சிரிப்பு சிரிப்பார்கள். அந்த அவமானம் அவருக்குப் பதிந்துவிட்டது என்பதை டவுட் வசனமே இல்லாமல் சொல்லிவிடுகிறார். பின்னால் நடப்பதற்கெல்லாம் அது பாதிக் காரணம். வில்லியாகவும் காட்டாமல், பாவம் என்று மன்னிக்கவும் விடாமல் ஒரு மனுஷியை நிறுத்துவது சாதாரண வேலையல்ல.

2012 ஜனவரியில் சன்டான்ஸில் முதல் திரையிடலே சச்சரவில் முடிந்தது. பார்வையாளர்கள் சிலர் எழுந்து கத்தினார்கள். ஆனால் விமர்சகர்கள் டவுடைக் கவனித்தார்கள். ஆண்டு இறுதியில் நேஷனல் போர்டு ஆஃப் ரிவியூ என்ற திரைப்பட அமைப்பு அவரைச் சிறந்த துணை நடிகையாகத் தேர்ந்தெடுத்தது. அந்த விருதைக் கையில் வைத்துக்கொண்டு அடுத்து என்ன செய்வது? படத்தை வாங்கியிருந்த மேக்னோலியா நிறுவனத்திடம் துணை நடிகைக்கு ஆஸ்கர் பிரச்சாரம் செய்ய நிதி இல்லை. அங்கேதான் அந்த 13,000 டாலர் வருகிறது. பணத்தின் முக்கியச் செலவு எளிமையானது: படத்தின் டிவிடியை அகாடமி உறுப்பினர்களுக்கு அனுப்புவது.

## இருநூற்றுச் சொச்சம் வாக்குகள்

அது குருட்டுத்தனமான செலவா? ஆஸ்கர் விதிகளைப் பார்த்தால் அப்படிச் சொல்ல முடியாது.

நடிப்புக்கான பரிந்துரைகளை அகாடமியின் நடிகர் பிரிவு மட்டுமே முடிவு செய்கிறது. இயக்குநர்களோ, ஒளிப்பதிவாளர்களோ இந்தக் கட்டத்தில் வாக்களிக்க முடியாது. நடிகர் பிரிவில் சுமார் 1,300 பேர். ஒவ்வொருவரும் ஐந்து பெயர்களை விருப்ப வரிசையில் எழுதுகிறார்கள். ஐந்து இடங்கள் இருப்பதால், ஆறில் ஒரு பங்குக்கு மேல் வாக்கு பெற்றவர் நிச்சயம் உள்ளே வந்துவிடுவார். எல்லோரும் வாக்களித்தாலும் அது 217 பேர். பலர் வாக்களிப்பதில்லை, எனவே இன்னும் குறையும்.

இன்னொரு நுணுக்கம்: முதல் இடத்தில் எழுதப்பட வேண்டும். ஆயிரம் பேர் நான்காவது விருப்பமாக எழுதுவதைவிட, இருநூறு பேர் உயிரைக் கொடுத்து முதல் விருப்பமாக எழுதுவது பயன்படும். வாக்காளர்கள் அனைவரும் சக நடிகர்கள். அதில் கணிசமானோர் குணச்சித்திர நடிகர்களே. 100 டாலர் சம்பளத்தில் நடிப்பது என்னவென்று தெரிந்தவர்கள். ஆகவே டவுடின் கணக்கு சரியான கணக்கு. படத்தைப் போட்டுப் பார்க்க வைப்பது ஒன்றே தடை. அவருக்குப் பரிந்துரை கிடைக்கவில்லை, அது வேறு விஷயம்.

பத்து ஆண்டு கழித்து ரைஸ்பரோ விஷயத்தில் இதே கணக்கு பலித்தது. பிரச்சாரத்துக்கு ஸ்டூடியோ பணம் இல்லை. ஆனால் எட்வர்ட் நார்ட்டன், கேட் வின்ஸ்லெட் போன்ற பிரபல நடிகர்கள் வாக்குப்பதிவு நெருங்கும் நேரத்தில் வரிசையாகப் படத்தைப் புகழ்ந்தார்கள். வசூல் 27,000 டாலர் என்பது வாக்குக்குச் சம்பந்தமே இல்லாத எண். 217 நடிகர்கள் வீட்டில் உட்கார்ந்து படத்தைப் பார்த்தால் வசூலில் அது ஒரு டாலராகக்கூடத் தெரியாது. தனிப்பட்ட முறையில் வாக்குக் கேட்டார்களா என்று அகாடமி விசாரித்தது. 2023 ஜனவரி 31-ல் பரிந்துரை ரத்தாகாது என்று அறிவித்தது, ஆனால் சில பிரச்சார உத்திகள் கவலை தருவதாகவும் சொன்னது. அதே ஆண்டு மே மாதம் பிரச்சார விதிகள் திருத்தி எழுதப்பட்டன.

இங்கே ஒரு கசப்பான வித்தியாசம் உண்டு. ரைஸ்பரோவுக்குப் பிரபல நண்பர்கள் இருந்தார்கள். டவுடிடம் கிரெடிட் கார்டு இருந்தது. விதி இருவருக்கும் ஒன்றே என்றாலும், இருநூறு பேரின் கண்ணில் படும் வழி ஒன்றல்ல.

தனிப் பிரச்சாரம் என்றாலே முகம் சுளிக்கும் வழக்கமும் ஹாலிவுட்டில் இருக்கிறது. 2011-ல் 'தி ஃபைட்டர்' படத்துக்காகத் துணை நடிகைப் பரிந்துரை பெற்ற மெலிசா லியோ, தன் சொந்தப் பணத்தில் தொழில்முறைப் பத்திரிகைகளில் ஆடம்பர உடையில் ஒரு விளம்பரம் கொடுத்தார். ஐம்பது வயதுப் பெண்ணைப் பத்திரிகைகள் அட்டையில் போடுவதில்லை, அதனால் நானே போட்டுக்கொண்டேன் என்கிற தொனியில் விளக்கினார். 'அடக்கமில்லை' என்று பலர் எழுதினார்கள். ஸ்டூடியோ இதைவிடப் பல மடங்கு செலவழித்தால் அதற்குப் பெயர் மார்க்கெட்டிங். லியோ விருதை வாங்கிவிட்டார்.

டிவிடி அனுப்பும் காலம் 2021-ல் முடிந்தது. இப்போது அகாடமிக்கென்று தனி இணையத் திரையிடல் தளம் இருக்கிறது. சின்னப் படத்துக்கு நல்லதுதானே என்று தோன்றும். ஆனால் ஒரு படத்தை அங்கே ஏற்றவே கட்டணம். 2020-ல் அது 12,500 டாலர். டவுட் செலவழித்த தொகைக்குப் பக்கத்தில் வந்து நிற்கிறது.

## சோறு போடுவது டிவி

அப்படியானால் 13,000 டாலர் வீணா? இந்தத் தொழிலின் வரவு எங்கே வந்து விழுகிறது என்பதைப் பார்த்தால் பதில் கிடைக்கும்.

'கம்ப்ளையன்ஸ்' வந்து இரண்டு வருடத்தில், 2014-ல் எச்பிஓ தொலைக்காட்சியின் 'தி லெஃப்ட்ஓவர்ஸ்' தொடரில் டவுட் ஒரு முக்கிய வேடத்தில் வந்தார். வெள்ளை உடை உடுத்தி, ஓயாமல் புகைபிடித்து, பேசாமலே இருக்கும் ஒரு குழுவின் தலைவி. போனைக் கேட்டுக்கொண்டே முகத்தால் ஒரு படத்தை நடத்தியவருக்கு, வாய் திறக்காத வேடம். தற்செயலாகவே இருக்கலாம், ஆனால் அவரிடம் எது விற்பனைக்கு இருக்கிறது என்பதைச் சின்னப் படம் காட்டிவிட்டது என்பதை மறுக்க முடியாது. 2017-ல் 'தி ஹேண்ட்மெய்ட்ஸ் டேல்' தொடரில் லிடியா அத்தையாக வந்து எம்மி வாங்கினார். அதே ஆண்டு 'லெஃப்ட்ஓவர்ஸ்' விருந்தினர் வேடத்துக்கும் பரிந்துரை.

தொடர் ஒன்றில் நிரந்தர இடம் கிடைத்தால் நிலைமையே வேறு. அத்தியாயத்துக்கு இவ்வளவு என்று உறுதியான தொகை, பல மாத வேலை, மறுஒளிபரப்புப் பங்கு, கேள்விக்கிடமில்லாத மருத்துவக் காப்பீடு. சுயாதீனப் படம் நாளுக்கு 100 டாலர் கொடுத்ததோடு, வேறு எங்கும் கிடைக்காத ஒன்றையும் கொடுத்திருக்கிறது: ஒன்றரை மணி நேரம் இந்த நடிகையால் பாரம் தாங்க முடியும் என்பதற்கான சாட்சி. இரண்டு காட்சி அம்மா வேடங்களை ஐம்பது சேர்த்தாலும் அந்தச் சாட்சி கிடைக்காது.

அதனால் சின்னப் படத்தையும் தொலைக்காட்சியையும் எதிரெதிர் முகாம்களாகப் பார்ப்பது தவறு. ஒரு நடிகையின் வருமானத்தில் அவை ஒரே அமைப்பின் இரு பாதிகள். ஒன்று வேடத்தின் அளவைத் தருகிறது, மற்றது பிழைப்பைத் தருகிறது. எம்மி வாங்கிய பிறகும் டவுட் சின்னப் படத்துக்குத் திரும்பியது இதனால்தான். 2021-ல் சன்டான்ஸில் வந்த 'மாஸ்' படத்தில் ஒரு தேவாலயத்தின் அறையில் நான்கு பெற்றோர்கள் உட்கார்ந்து பேசுகிறார்கள். பள்ளித் துப்பாக்கிச் சூட்டில் மகனைப் பறிகொடுத்த தம்பதி ஒரு பக்கம், சுட்டவனின் பெற்றோர் மறுபக்கம். டவுட் சுட்டவனின் அம்மா. பூச்செண்டோடு உள்ளே வருகிறார், அதை எங்கே வைப்பது என்று யாருக்கும் தெரியவில்லை. இப்படியொரு கதையை எந்த விற்பனை முகவரும் பட்டியலில் சேர்த்திருக்க மாட்டார். மறுவருடம் ஸ்பிரிட் விருதுகளில் குழு நடிப்புக்கான ராபர்ட் ஆல்ட்மன் விருது கிடைத்தது.

பத்திரிகைகள் இந்த வரலாற்றை 'ஐம்பத்தாறு வயதில் கண்டெடுக்கப்பட்டார்' என்று எழுதின. கண்டெடுக்க அவர் எங்கும் தொலைந்துபோகவில்லை. அவர் அளவுக்கு ஒரு வேடம் எழுதப்பட அவ்வளவு காலம் ஆனது, அவ்வளவுதான்.

## 2023-க்குப் பிறகு

சாக்-ஆஃப்ட்ரா வேலைநிறுத்தம் 2023 ஜூலை 14 முதல் நவம்பர் 9 வரை, 118 நாள் நீடித்தது. ஸ்டூடியோக்களோடு தொடர்பில்லாத சுயாதீனத் தயாரிப்புகளுக்கு, சங்கம் கேட்ட நிபந்தனைகளை ஏற்றுக்கொண்டால் தற்காலிக ஒப்பந்தத்தில் படப்பிடிப்பு நடத்த அனுமதி தரப்பட்டது. சில மாதங்களுக்கு அமெரிக்காவில் சங்க நடிகர்களை வைத்துப் பெரிய அளவில் நடந்த திரைப்பட வேலையே சின்னப் படங்கள்தான் என்ற விசித்திர நிலை. ஆனால் அது நிலைக்கவில்லை. அதற்குப் பின் ஸ்ட்ரீமிங் நிறுவனங்கள் தொடர்களின் எண்ணிக்கையைக் குறைத்தன. குணச்சித்திர நடிகையைப் பொறுத்தவரை அடி விழுந்தது சின்னப் படத்தில் அல்ல, அந்தப் படம் திறந்துவிடும் கதவில். தொடர்கள் குறைந்தால் 216 டாலர் வேடம் வெறும் 216 டாலராகவே நின்றுவிடும்.

விருதுகளிலும் ஒரு மாற்றம். ஸ்பிரிட் விருதுகள் 2023 முதல் நடிகர், நடிகை என்ற பிரிவை எடுத்துவிட்டன. துணை நடிப்புக்கு இருபாலருக்கும் சேர்த்துப் பத்துப் பரிந்துரை, ஒரே விருது. பரிந்துரைகளின் எண்ணிக்கை குறையவில்லை. ஆனால் முன்பு டேல் டிக்கி வாங்கிய விருது போல, துணை நடிகைக்கென்று நிச்சயமாக ஒன்று இருந்தது. இப்போது அதற்கு உத்தரவாதம் இல்லை. நோக்கம் நல்லது, விளைவு இன்னும் சில வருடம் கழித்தே தெரியும்.

எதிர்த்திசையில் ஒரு படம். ஜூன் ஸ்குவிப் 1929-ல் பிறந்தவர். நாடக மேடையில் பல பத்தாண்டுகள் கழித்து, அறுபதை எட்டிய வயதில்தான் சினிமாவுக்கே வந்தார். 2013-ல் 'நெப்ராஸ்கா' படத்தில் வாயாடி மனைவியாக நடித்து 84 வயதில் ஆஸ்கர் பரிந்துரை. அதன்பிறகும் பாட்டி வேடங்கள். 2024-ல் வந்த 'தெல்மா'தான் அவருக்கு முதல் முதன்மை வேடம், தொண்ணூறைத் தாண்டிய வயதில். தொலைபேசி மோசடியில் பணத்தை இழந்த ஒரு பாட்டி, மின்சார ஸ்கூட்டரில் ஏறி மோசடிக்காரனைத் தேடிப் போகும் கதை. அமெரிக்கத் திரையரங்குகளில் சுமார் 90 லட்சம் டாலர் வசூல், சின்னப் படத்துக்கு இது பெரிய தொகை. வெளியிட்டது மேக்னோலியா. 2012-ல் டவுடின் பிரச்சாரத்துக்கு நிதி இல்லை என்று சொன்ன அதே நிறுவனம்.

இதைக் காட்டி அடுத்த தயாரிப்பாளர் முதலீட்டாளரிடம் பேசலாம். வயதான பார்வையாளர்கள் திரையரங்குக்கு வருகிறார்கள், அவர்களுக்கு ஒரு முகம் வேண்டும் என்று. 2025-ல் ஸ்குவிப்பை மையமாக வைத்து ஸ்கார்லெட் ஜொஹான்சன் இயக்கிய 'எலினார் தி கிரேட்' கான் விழாவுக்கே போனது. ஆனால் அறுபதுகளில் இருக்கும் டிக்கி போன்றவர்களுக்கு விற்பனை முகவரின் பட்டியலில் இன்னும் மதிப்பு எழுதப்படவில்லை. முதலீட்டாளர்கள் ஸ்குவிப்பை ஒரு விதிவிலக்காகத்தான் வைத்திருக்கிறார்கள்.